பேத்திக்கு எந்தப் பெயர்? ஃப்ளோரன்ஸ், மேபல், ஈடித்: ஓர் ஒப்பீடு

இங்கிலாந்தின் நாரிச் நகரில் வாழும் என் மகளுக்கு அடுத்த மாதம் பெண் குழந்தை பிறக்கவிருக்கிறது. மருமகன் அந்நகரை அடுத்த ஒரு சிற்றூரில் பிறந்து வளர்ந்த ஆங்கிலேயர். குழந்தையின் முதற்பெயர் அவர் வீட்டுப் பழைய பெயர்களில் ஒன்றாகவும், நடுப்பெயர் தமிழ்ப்பெயராகவும் இருக்க வேண்டும் என்பதில் இருவருக்கும் கருத்து வேறுபாடு இல்லை. எந்தப் பழைய பெயர் என்பதில்தான் மூன்று மாதமாக முடிவு எட்டப்படவில்லை. சென்ற முறை நான் அங்கே போயிருந்தபோது, சம்பந்தி அம்மாள் தம் வீட்டுப் பழைய விவிலியத்தைக் கொண்டுவந்து மேசையில் விரித்தார். முன்னட்டையை ஒட்டிய வெற்றுத்தாளில், பழுப்பேறிப்போன மையில், ஒரே கையெழுத்தில் மூன்று சகோதரிகளின் பிறப்பு எழுதப்பட்டிருந்தது: ஈடித், 1891, ஃப்ளோரன்ஸ், 1894, மேபல், 1899. மூன்றாவது பெயரை எழுதும்போது பேனாவில் மை தீர்ந்துவிட்டது போலும். கடைசி எழுத்து தாளில் வெறும் கீறலாகவே தெரிகிறது. மூவரில் ஃப்ளோரன்ஸ்தான் மருமகனின் நேர் முன்னோர். மேபல் மணம் முடித்து வெளியூர் சென்றவர். ஈடித் கடைசிவரை மணம் செய்துகொள்ளாமல், ஊர்ப் பள்ளியில் ஆசிரியையாக இருந்து மறைந்தவர்.

இந்த மூன்றில் எதைத் தேர்வது என்று மகள் என்னைக் கேட்டாள். அவளுக்குச் சொன்ன பதிலையே, வெளிநாட்டில் சம்பந்தம் செய்துகொண்ட பிற குடும்பங்களுக்கும் உதவக்கூடும் என்பதால், இங்கே விரித்து எழுதுகிறேன்.

பழைய பெயர்கள் இங்கிலாந்தில் திரும்பி வருவதற்கு ஒரு காலக்கணக்கு உண்டு. தாயின் தலைமுறைப் பெயர் கேட்டுக் கேட்டுச் சலித்ததாகவும், பாட்டியின் தலைமுறைப் பெயர் முதுமையின் சாயல் படிந்ததாகவும் இளம் பெற்றோருக்குத் தோன்றுகிறது. கொள்ளுப்பாட்டியின் தலைமுறையை அவர்கள் நேரில் பெரும்பாலும் பார்த்ததில்லை; ஆகவே அந்தப் பெயர்கள், கழுவி எடுத்த பாத்திரம்போல, புதிதாக ஒளிர்கின்றன. இந்தச் சுற்று ஏறத்தாழ நூறு ஆண்டு எடுக்கிறது. 1904ஆம் ஆண்டு இங்கிலாந்திலும் வேல்சிலும் மிகுதியாகச் சூட்டப்பட்ட முதல் பத்துப் பெண்பெயர்களுக்குள் ஃப்ளோரன்ஸ், ஈடித் இரண்டும் இருந்தன. அந்த நூற்றாண்டின் பிற்பகுதியில் அவற்றுக்கு முதல் நூறிலேயே இடமில்லாமல் போனது. 2021ஆம் ஆண்டுப் பட்டியலில் ஃப்ளோரன்ஸ் மறுபடியும் முதல் பத்துக்குள் வந்துவிட்டது; ஈடித்தும் மேபலும் முதல் நூறுக்குள் திரும்பியிருக்கின்றன. முன்னோர் பெயரைப் பிள்ளைக்கு இடுவது நமக்கு அயலான வழக்கமன்று. பாட்டியின் பெயரைத் தாங்குபவள் என்பதால்தானே பெயர்த்தி என்றார்கள், அதுவே மருவிப் பேத்தி ஆயிற்று. ஆங்கிலத்தில் அந்த உறவுச் சொல்லுக்குள் பெயர் இல்லை. ஆனால் அந்த விவிலியத்தின் வெற்றுத்தாளில் அதே எண்ணம் இருக்கிறது.

ஒப்பீட்டுக்குள் போவதற்கு முன் நான்காவது ஒரு பெயரைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். ஏடா என்ற பெயரையும் மருமகன் சேர்த்திருந்தார். உயர்குடிப் பிறப்பைக் குறிக்கும் பழைய ஜெர்மானியச் சொல்லிலிருந்து வந்த அழகிய பெயர் அது. கணிப்பொறி வரலாற்றில் முன்னோடியாகப் போற்றப்படும் ஏடா லவ்லேஸ் அம்மையார் அதற்குப் பெருமை சேர்த்திருக்கிறார். ஆனால் தமிழ் வீட்டில் ஒரு பெண் குழந்தையை 'ஏடா' என்று எப்படி அழைப்பது? ஆண்பிள்ளையை மரியாதையின்றி விளிக்கும் சொல் அது. தாத்தாவும் பாட்டியும் கூப்பிடத் தயங்கும் பெயரை வைத்துப் பயனில்லை என்று மகளும் ஒப்புக்கொண்டாள்.

முதலில் ஃப்ளோரன்ஸ். பூத்தல், செழித்தல் என்னும் பொருளுடைய லத்தீன் சொல்லிலிருந்து பிறந்த பெயர் இது. மலர், மலர்விழி, பூங்கொடி என்று பெயரிட்டுப் பழகிய நமக்கு இதன் பொருளை விளக்கவே வேண்டியதில்லை. மூன்று பெயர்களிலும் பொருளால் நம் காதுக்கு மிக அருகில் இருப்பது இதுவே. இடைக்காலத்தில் இது ஆண்களுக்கும் வழங்கியது. வூஸ்டர் மடத்தில் வாழ்ந்து 1118இல் இறந்த ஒரு துறவியின் பெயர் ஃப்ளோரன்ஸ். அயர்லாந்தில் அதற்கு வெகு காலத்துக்குப் பின்னும் ஆண்கள் இப்பெயரைத் தாங்கியிருக்கிறார்கள்.

இங்கிலாந்தில் அது பெண்பெயராக வீடுதோறும் பரவியதற்கு ஒரே ஒருவர் காரணம். நைட்டிங்கேல் தம்பதியர் இத்தாலியில் பயணம் செய்துகொண்டிருந்தபோது அவர்களுக்கு இரண்டு பெண்கள் பிறந்தார்கள். மூத்தவள் நேப்பிள்சில் பிறந்ததால் அந்நகரின் பழைய கிரேக்கப் பெயரான பார்த்தினோப் என்பதையும், இளையவள் 1820 மே 12 அன்று ஃப்ளோரன்ஸ் நகரில் பிறந்ததால் அந்நகரின் பெயரையும் இட்டார்கள். கிரிமியப் போரில் 1854இல் ஸ்கூட்டாரி மருத்துவமனைக்குச் சென்ற இளையவளின் புகழ் நாடெங்கும் பரவியபோது பெயரும் கூடவே பரவியது. மூத்தவளின் பெயரை எவரும் எடுத்துக்கொள்ளவில்லை. வெறும் கைவிளக்கோடு மட்டும் ஃப்ளோரன்ஸ் நைட்டிங்கேலை நினைப்பது அவருக்குச் செய்யும் குறை. போர்வீரர்கள் காயத்தால் இறந்ததைவிடத் தடுக்கக்கூடிய நோய்களால் இறந்ததே மிகுதி என்பதை வண்ண வரைபடங்களால் ஆட்சியாளர்களுக்கு உணர்த்திய புள்ளியியலாளர் அவர். இந்தியாவுக்கு ஒருமுறைகூட வராமலே, இந்தியாவின் சுகாதாரத்தைப் பற்றிப் பல ஆண்டுகள் எழுதியும் வாதாடியும் வந்தார். திருநெல்வேலிச் சீமையில் எங்களுக்கு இன்னொரு ஃப்ளோரன்சும் தெரியும். பாளையங்கோட்டையில் செவித்திறன் குறைந்த பிள்ளைகளுக்கான பள்ளி இன்றும் ஃப்ளோரன்ஸ் ஸ்வெய்ன்சன் அம்மையாரின் பெயரைத் தாங்கி நிற்கிறது. அந்த வட்டாரத்துக் கிறிஸ்தவக் குடும்பங்களில் ஃப்ளோரன்ஸ் டீச்சர்கள் எத்தனையோ பேரைக் காணலாம்.

இவ்வளவு இருந்தும் நான் தயங்குவதற்கு இரண்டு காரணங்கள் உண்டு. முதலாவது, அந்தப் பெயர் இப்போது பெருவழக்கில் இருக்கிறது. முதல் பத்துக்குள் இருக்கும் பெயரைத் தாங்கிய குழந்தை, தன் வகுப்பில் இன்னொரு ஃப்ளோரன்சைச் சந்திக்க நேரிடும். அப்போது ஆசிரியர் குடும்பப்பெயரின் முதலெழுத்தைச் சேர்த்து அழைப்பார். விளையாட்டுத் திடலில் ஒருமுறை கூப்பிட்டால் இரண்டு பிள்ளைகள் திரும்பிப் பார்ப்பார்கள். இரண்டாவது காரணம் உச்சரிப்பு. ஃப்ள என்று தொடங்கி ன்ஸ் என்று முடியும் பெயர் தமிழ் நாவுக்குச் சிறிது பாரம். மதுரையில் இருக்கும் என் தாயார், வயது எண்பத்து மூன்று, பலமுறை சொல்லிப் பார்த்தும் 'புளோரன்சு' என்பதைத் தாண்ட முடியவில்லை. பிளாரன்ஸ், புளோரன்ஸ், ஃப்ளாரன்ஸ் என்று ஒவ்வொரு உறவினரும் ஒவ்வொரு விதமாக அழைக்கும் நிலையை ஒரு சிறு குழந்தைக்கு ஏற்படுத்த எனக்கு மனம் வரவில்லை.

உச்சரிப்பு ஒன்றையே அளவுகோலாகக் கொண்டால் மேபல்தான் வெல்லும். இரண்டே அசை, தமிழில் எழுதியபடியே படிக்கலாம், எந்த எழுத்தும் நாவில் இடறாது. பொருளும் இனியது. அன்புக்கு உரியவள் என்னும் லத்தீன் சொல் அமபல் என்ற பெயராகி, முதல் எழுத்து தேய்ந்து மேபல் ஆயிற்று. என் அழகி என்று பொருள்படும் பிரெஞ்சுத் தொடரிலிருந்து வந்தது என்று சிலர் சொல்வது ஒலி ஒற்றுமையால் பிறந்த கதை. அதற்கு வேர் இல்லை. பொருளுக்கும் அதைத் தாங்கியவருக்கும் பொருத்தம் இருந்தே தீரும் என்ற உறுதியும் இல்லை. பதினோராம் நூற்றாண்டில் நார்மண்டியில் வாழ்ந்த மேபல் என்ற பிரபுகுலப் பெண்மணியை, கொடியவர் என்றும் பகைவரை நஞ்சிட்டுக் கொல்லத் துணிந்தவர் என்றும் ஆர்டெரிக் என்ற துறவி தம் வரலாற்று நூலில் எழுதி வைத்திருக்கிறார். அன்புக்கு உரியவள் என்ற பெயருக்கு நேர்ந்த விதி அது. பின்னாளில் அலெக்சாண்டர் கிரகாம் பெல்லின் மனைவி மேபல் ஹப்பர்டு, ஐந்து வயதில் நோயால் கேட்கும் திறனை இழந்தும், கணவரின் ஆய்வுகளுக்கும் தொடக்ககால வானூர்தி முயற்சிகளுக்கும் பொருளும் ஊக்கமும் தந்து அந்தப் பெயருக்கு மதிப்பைத் திரும்பப் பெற்றுத் தந்தார் என்று சொல்லலாம்.

மேபலில் எனக்குள்ள குறை ஒன்றே. அது பிறவியிலேயே செல்லப்பெயர். நீண்ட பெயரைக் குறுக்கி உண்டானதால், இனி அதைக் குறுக்கவும் இடமில்லை, விரிக்கவும் இடமில்லை. மூன்று வயதுக் குழந்தைக்கு அது அள்ளிக் கொஞ்சத் தோன்றும் பெயர். ஐம்பது வயதில் ஒரு பெண் நீதிமன்றத்திலோ அறுவை அரங்கிலோ நிற்கும்போதும் அதே கொஞ்சல் அவளைத் தொடரும். இதை எல்லோரும் குறையாகக் கருத மாட்டார்கள் என்பது தெரியும். வாழ்நாள் முழுவதும் எளிமையாக ஒலிக்கும் பெயரை விரும்புவோர் மேபலைத் தயங்காமல் வைக்கலாம்.

இனி ஈடித். முதலில் கேட்டபோது மூன்றில் எனக்கு மிகக் குறைவாகப் பிடித்தது இதுதான். அறிய அறிய என் எண்ணம் மாறியது.

மற்ற இரண்டு பெயர்களும் லத்தீனிலிருந்து வந்த விருந்தாளிகள். ஈடித் ஆங்கில மண்ணிலேயே முளைத்தது. பழைய ஆங்கிலத்தில் அதன் வடிவம் ஏட்கித் என்பதற்கு ஒப்பாக ஒலித்திருக்கும். முதற்பகுதிக்குச் செல்வம், நற்பேறு, அருள் பெற்ற நிலை என்று பொருள். இரண்டாம் பகுதிக்குப் போர் என்று பொருள். செல்வத்தையும் அருளையும் ஒரே சொல்லில் அடக்கும் அந்த முதற்பகுதிக்குத் தமிழில் ஈடாகச் சொல்வதென்றால் 'பேறு' என்பதைவிடப் பொருத்தமான சொல் எனக்குத் தோன்றவில்லை. போர் என்ற பகுதியைக் கண்டு மகள் சற்றுக் கலங்கினாள். குழந்தையின் பெயரில் போர் எதற்கு என்பது அவள் கேள்வி. அக்காலத்து ஆங்கிலேயர் இரண்டு பகுதிகளையும் சேர்த்து ஒரு வாக்கியமாகப் பொருள் கொள்ளவில்லை என்பதே அதற்கு விடை. குடும்பத்தில் வழிவழியாக வரும் ஒரு பகுதியை எடுத்து, அதனோடு இன்னொன்றை இணைத்துப் பெயராக்கினார்கள். எட்வர்டு, எட்கர், எட்மண்ட், எட்வின் ஆகிய எல்லாவற்றின் தலையிலும் இருப்பது அதே பேறுதான். எட்வர்டு மன்னனின் மகள் ஒரு ஈடித். எட்கர் மன்னனின் மகள், வில்டன் மடத்தில் வாழ்ந்து புனிதையாகப் போற்றப்பட்டவர், இன்னொரு ஈடித். தந்தையின் பெயரில் பாதி மகளுக்குப் போயிருக்கிறது. இதைப் படித்தபோது அந்தப் பெயர் எனக்கு அயலதாகத் தோன்றவில்லை.

எட்வர்டு மன்னனின் மகளைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல விரும்புகிறேன். அவளுடைய அண்ணன் ஏதல்ஸ்டன் மன்னன், ஜெர்மானிய இளவரசன் ஆட்டோவுக்கு மணம் பேசியபோது, தன் தங்கையர் இருவரை அனுப்பி விருப்பமானவரைத் தேர்ந்துகொள்ளச் சொன்னான். ஆட்டோ ஈடித்தைத் தேர்ந்தான். மாக்டபர்க் நகரம் அவளுக்கு மணப்பரிசாகக் கிடைத்தது. 946இல் இறந்த அவளுக்கு அவ்வூர்ப் பேராலயத்தில் ஒரு நினைவுக் கல்லறை இருந்தது. பல நூற்றாண்டுகளுக்குப் பின் கட்டப்பட்டது என்பதால் உள்ளே ஒன்றும் இருக்காது என்றே எண்ணியிருந்தார்கள். 2008இல் திறந்து பார்த்தபோது ஓர் ஈயப்பேழையும், அதில் பட்டுத்துணியில் சுற்றிய எலும்புகளும் இருந்தன. பிரிஸ்டல் பல்கலைக்கழகத்தார் பற்களை ஆராய்ந்தார்கள். குழந்தைப் பருவத்தில் குடித்த நீரும் உண்ட உணவும் பற்களின் மேற்பூச்சில் மாறாத தடயமாகப் பதிந்துவிடும். அந்தத் தடயம் தென் இங்கிலாந்தின் சுண்ணக்கல் மேட்டுநிலத்தைக் காட்டியது. ஆயிரம் ஆண்டு கடந்த பின்பும், அந்நிய மண்ணில் வாழ்க்கைப்பட்ட ஒரு பெண்ணின் பல் அவள் பிறந்த ஊரின் தண்ணீரைச் சொல்லியிருக்கிறது. மகளைக் கடல்கடந்து கட்டிக்கொடுத்த என்னால் இதை வெறும் அறிவியல் செய்தியாகக் கடந்து போக முடியவில்லை.

1066இல் நார்மானியர் வந்த பிறகு ஆங்கிலப் பெயர்களுக்குக் கெட்ட காலம் தொடங்கியது. புதிய ஆட்சியாளரின் வில்லியம், ராபர்ட், மெட்டில்டா, ஆலிஸ் ஆகியவை ஊரெங்கும் நிறைந்து, பழைய பெயர்கள் பெரும்பாலும் இரண்டு மூன்று தலைமுறைக்குள் மறைந்தன. 1100இல் முதலாம் ஹென்றியை மணந்த அரசி, ஞானஸ்நானத்தில் பெற்ற ஈடித் என்ற பெயரை விட்டு மெட்டில்டா என்ற பெயரை ஏற்க வேண்டியிருந்தது. அரசியே கைவிட்ட அந்தப் பெயரைச் சாதாரண மக்கள் கைவிடவில்லை. அழியாமல் தப்பிய மிகச் சில ஆங்கிலப் பெண்பெயர்களில் ஈடித்தும் ஒன்று.

நாரிச் நகரத்துக் குடும்பத்துக்கு இந்தப் பெயர் கூடுதலாகப் பொருந்துவதற்கு இன்னொரு காரணம் உண்டு. செவிலியர் ஈடித் கேவல் 1865இல் அந்நகரை ஒட்டிய ஸ்வார்டெஸ்டன் என்ற சிற்றூரில், அவ்வூர்த் திருச்சபைப் போதகரின் மகளாகப் பிறந்தவர். பிரஸ்ஸல்ஸ் நகரில் செவிலியர் பயிற்சிப் பள்ளியை நடத்திய அவர், முதல் உலகப்போரில் ஜெர்மானியர் அந்நகரைப் பிடித்தபோதும் அங்கேயே இருந்து, எத்தரப்பு வீரராயினும் காயம்பட்டவருக்கு மருத்துவம் செய்தார். ஏறத்தாழ இருநூறு நேச நாட்டு வீரர்கள் நெதர்லாந்துக்குத் தப்பிச் செல்ல உதவினார். அதற்காக 1915 அக்டோபர் 12 அன்று சுட்டுக் கொல்லப்பட்டார். நாட்டுப்பற்று மட்டும் போதாது, எவர்மீதும் எனக்கு வெறுப்போ கசப்போ இருக்கக் கூடாது என்று முந்தைய இரவு அவர் போதகரிடம் சொன்ன சொற்கள் லண்டனில் அவர் சிலையின் கீழ் பொறிக்கப்பட்டிருக்கின்றன. போர் முடிந்தபின் 1919இல் அவர் உடல் கொண்டுவரப்பட்டு நாரிச் பேராலயத்தின் கிழக்குப் புறத்தில் அடக்கம் செய்யப்பட்டது. மகளோடு அங்கே நின்றபோது, பெயரின் பின்பாதியில் இருக்கும் போர் என்ற சொல் எனக்கு உறுத்தவில்லை. அவர் மறைந்த இரண்டு மாதத்தில் பாரிசில் பிறந்த ஒரு குழந்தைக்கு அவர் நினைவாகவே ஈடித் என்று பெயரிட்டார்கள். அக்குழந்தைதான் பின்னாளில் உலகறிந்த பாடகி ஈடித் பியாஃப்.

உச்சரிப்பில் ஈடித் இரண்டாம் இடம்தான் பெறும். தமிழ்நாட்டுக் கிறிஸ்தவக் குடும்பங்களில் இப்பெயரை எடித் என்று குறிலாகச் சொல்வதே வழக்கம். ஆங்கிலேயர் முதலெழுத்தை நெடிலாக்கி ஈடித் என்கிறார்கள். பிரெஞ்சுக்காரரும் நம்மைப் போலவே எடித் என்று சொல்வதால், நம் உறவினர் சொல்வதைப் பிழை என்று திருத்த வேண்டியதில்லை என்று மகளிடம் சொன்னேன். இறுதியில் வரும் ஒலி பல்லைத் தொட்டுப் பிறப்பது. நம் தகரம் அதற்கு ஏறக்குறைய ஒத்துப்போகும். என் தாயார் முதல்முறையிலேயே சரியாகச் சொல்லிவிட்டார்.

நேர் முன்னோரான ஃப்ளோரன்சை விட்டுவிட்டு ஈடித்தின் பெயரை வைப்பது முறையா என்று சம்பந்தி அம்மாள் கேட்டார். நியாயமான கேள்வி. ஃப்ளோரன்சுக்குப் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இருந்தார்கள். அவர் பெயர் நடுப்பெயராகவேனும் அந்தக் குடும்பத்தில் இருவருக்கு வந்திருக்கிறது. ஈடித்துக்கு அப்படி எவரும் இல்லை. பிள்ளையில்லாமல் மறைந்த அத்தையின் பெயரையோ சின்னம்மாவின் பெயரையோ அடுத்துப் பிறக்கும் பெண்ணுக்கு இடும் வழக்கம் எங்கள் பக்கத்துக் குடும்பங்களில் உண்டு என்று அவரிடம் சொன்னேன். அவர் சிறிது நேரம் பேசவில்லை. பிறகு, தம் மாமியார் சொல்லக் கேட்ட ஈடித் டீச்சரைப் பற்றி எங்களுக்குச் சொல்லத் தொடங்கினார். அன்று தேநீர் ஆறிப்போனது.

எஞ்சியிருப்பது எழுத்துமுறையும் பதிவும். அண்மைக் காலத்தில் ஈடி என்ற சுருக்க வடிவத்தையே சான்றிதழில் பதிவு செய்யும் பெற்றோர் பலர் இருக்கிறார்கள். நான் அதைப் பரிந்துரைக்க மாட்டேன். முழுப்பெயரைப் பதிந்தால் வீட்டில் ஈடி என்று அழைக்கலாம், பள்ளியில் ஈடித் என்று எழுதலாம், வளர்ந்தபின் எது வேண்டும் என்பதை அவளே முடிவு செய்யலாம். சுருக்கத்தைப் பதிந்தால் அந்த உரிமை அவளுக்கு இல்லை. எழுத்துகளை மாற்றி அலங்கரிப்பதையும் தவிர்க்க வேண்டும். ஐந்தெழுத்தில் அடங்கும் பெயரை ஒவ்வொரு அலுவலகத்திலும் எழுத்துக் கூட்டிச் சொல்லும் தொல்லை அவளுக்கு எதற்கு? இங்கிலாந்தில் பிறந்த 42 நாளுக்குள் பதிவு செய்தாக வேண்டும். அதன்பின் மனம் மாறினாலும், பதிவு செய்த நாளிலிருந்து 12 மாதத்துக்குள் முதற்பெயரைத் திருத்திக்கொள்ள வழி இருக்கிறது. எனவே அவசரப்பட்டுக் கலங்க வேண்டியதில்லை.

நடுப்பெயராகக் கயல்விழி என்று மகள் எண்ணியிருந்தாள். அதில் வரும் ழகரத்தை ரோமன் எழுத்தில் எப்படி எழுதினாலும் அங்குள்ளவர்கள் வேறொன்றாகவே படிப்பார்கள். கயல் என்று நிறுத்திக்கொண்டால் அந்தச் சிக்கல் இல்லை, ஈடித் கயல் என்று சேர்த்துச் சொல்லும்போது ஓசையும் இடறவில்லை. மருமகன் அதை அன்று மாலை நாலைந்து முறை சொல்லிப் பார்த்தார். யகரத்தில் மட்டும் இன்னும் கொஞ்சம் பயிற்சி வேண்டும்.